பாகப் பிரிவினையில் உறவு முறையை ருசுப்படுத்துதல்



ஃபராயிள் பங்குக் கணக்கைப் பற்றி ஆலிம்கள் பலர் எழுதியிருக்கிறார்கள். மனைவிக்கு எட்டில் ஒன்று, பெண்மக்கள் இருவருக்கு மூன்றில் இரண்டு என்பன நம்மில் பலருக்கு மனப்பாடம். ஆனால் அந்தக் கணக்கைப் போடுவதற்கு முன்னால் கேட்கப்படும் கேள்வி ஒன்று உண்டு. பங்கு கேட்டு வந்து நிற்பவர் மையித்துக்கு என்ன முறை? அதற்கு ருசு எங்கே? இதைப் பற்றி நாம் அதிகம் பேசுவதில்லை. ‘ஊருக்கே தெரியும்’ என்று இருந்துவிடுகிறோம்.

யான் ஆலிமும் அல்லன், வக்கீலும் அல்லன். ஊர் மத்ரஸாவிலும் ஆரம்பப் பள்ளிக்கூடத்திலும் படித்தது போக, பினாங்குக்குச் சபர் வந்து கடை வைத்துப் பிழைப்பவன். ஒரு பாக வழக்கில் சாட்சி சொல்லப் போய்த் தலை குனிந்து வந்தேன். அதற்குப் பிறகு ஆலிம்சாவிடமும் வக்கீலிடமும் கேட்டுத் தெரிந்துகொண்டதையே இங்கு எழுதுகிறேன்.

என் கடைக்கு நாலு கடை தள்ளி வியாபாரம் செய்த ஊர்க்காரர் ஒருவர் மௌத்தானார். பெயர் வேண்டாம், மூத்தவர் என்றே சொல்லுகிறேன். இங்கே மனைவியும் இரண்டு பெண்மக்களும் இருந்தார்கள். ஆண்பிள்ளை இல்லை. தாய் தந்தையர் முன்பே காலஞ்சென்றவர்கள். நாகப்பட்டினம் பக்கத்து ஊரில் தம்பி ஒருவர் இருந்தார். கணக்குக்கு எளிதாக, கடனும் அடக்கச் செலவும் போக மிஞ்சிய சொத்து 2,40,000 வெள்ளி என்று வைத்துக்கொள்வோம். மனைவிக்கு எட்டில் ஒன்று, 30,000. பெண்மக்கள் இருவருக்கும் மூன்றில் இரண்டு, 1,60,000. மீதி 50,000. இந்த மீதிக்குத்தான் வழக்கு.

தம்பி என்கிறோமே, தமிழில் அது ஒரே சொல். சரீஅத்தில் அது மூன்று ஆள். தாயும் தந்தையும் ஒன்றான தம்பி ஒருவர்; தந்தை மட்டும் ஒன்றான தம்பி ஒருவர்; தாய் மட்டும் ஒன்றான தம்பி ஒருவர். முதல் ஆள் இருந்தால் மீதி முழுவதும் அவருக்கு. அவர் இல்லாவிட்டால் இரண்டாமவர். மூன்றாமவரோ, மையித்துக்குப் பெண்பிள்ளை ஒன்று இருந்தாலும் ஒரு காசும் அடையமாட்டார். பிள்ளை அவரை மறைத்துவிடும். ஒரே வீட்டில் ஒரே தட்டில் சோறு தின்று வளர்ந்தவர்களில் ஒருவருக்கு 50,000 என்பதும் ஒன்றுமில்லை என்பதும் இந்த ஒரு விஷயத்தைப் பொறுத்தே இருக்கிறது.

மூத்தவரின் தாயாருக்கு இரண்டு நிக்காஹ். முதல் கணவர் பினாங்கில் கடைச் சிப்பந்தியாக இருந்து இங்கேயே மௌத்தாகி இங்கேயே அடக்கமானவர். பிறகு அந்த அம்மாள் ஊரில் மறுமணம் செய்துகொண்டார். மூத்தவர் முதல் கணவருக்குப் பிறந்தவர் என்பதில் யாருக்கும் சந்தேகமில்லை. இளையவர் யாருக்குப் பிறந்தவர்? முதல் கணவருக்கு என்றார் இளையவர். இரண்டாம் கணவருக்கு என்றார்கள் இங்கிருந்த மனைவி பக்கத்தார்.

நான் இளையவர் பக்கத்துச் சாட்சி. ஷரீஅத் கோர்ட்டில் எழுந்து நின்று, “இவர் அவருக்குக் கூடப்பிறந்த தம்பி” என்று உரக்கச் சொன்னேன். எதிர் வக்கீல் மெதுவாகக் கேட்டார்: “தாய் ஒன்றா, தந்தை ஒன்றா, இரண்டுமா?” இரண்டும் என்றேன். “எப்படித் தெரியும்?” ஊருக்கே தெரியும் என்றேன். “ஊருக்கு என்ன தெரியும்? தம்பி என்று தெரியுமா, ஒரே வாப்பாவுக்குப் பிறந்த தம்பி என்று தெரியுமா?” நான் வாயடைத்துப் போனேன். இளையவர் பிறந்து இருபத்தைந்து வருஷத்துக்கு மேல் கழித்துப் பிறந்தவன் நான்!

வெளியே வந்த பின் ஆலிம்சா விளக்கினார்கள். வம்சத்தைப் பொறுத்தவரை, கண்ணால் காணாத சாட்சியையும் நம் ஷாஃபிஈ மத்ஹப் ஏற்றுக்கொள்கிறது. ஒருவர் பிறந்ததை யார் பார்த்திருக்கிறார்கள்? கூடிப் பேசிப் பொய் சொல்லமாட்டார்கள் என்று நம்பக்கூடிய பல பேரிடமிருந்து, இன்னார் இன்னாருடைய மகன் என்று நெடுங்காலமாகக் கேட்டு வந்திருந்தால், அதைக் கொண்டு சாட்சி சொல்லலாம். ஆனால் கேட்டது எதுவோ அதைத்தான் சொல்லவேண்டும். ஊர் சொன்னது ‘தம்பி’ என்ற ஒரு வார்த்தை. ‘ஒரே வாப்பா’ என்பது நானாகச் சேர்த்துக்கொண்டது. அன்றியும், தந்தைக்கு மகனும் மகனுக்குத் தந்தையும் அனுகூலமாகச் சொல்லும் சாட்சியும், பங்கில் லாபம் உள்ளவர் சொல்லும் சாட்சியும் செல்லாது. ஆகவே வீட்டுக்குள் இருந்த நன்றாய்த் தெரிந்தவர்கள் பேசமுடியாது. பேசமுடிந்த என் போன்றவர்களுக்குத் தெரியாது.

சிவில் கோர்ட்டின் முறையும் ஏறக்குறைய இதே பாதையில்தான் போகிறது. மலேசியாவின் 1950-ஆம் ஆண்டுச் சாட்சியச் சட்டம், இந்தியாவில் 1872-இல் வந்த சட்டத்தை ஒட்டியது. அதன் 32-ஆம் பிரிவின்படி, குடும்ப உறவை அறிந்துகொள்ளத் தனி வாய்ப்பு உள்ள ஒருவர், தகராறு கிளம்புவதற்கு முன்னால் சொன்னதோ எழுதியதோ, அவர் இறந்த பிறகும் சாட்சியமாகும். குடும்ப வம்சாவளி, உயில், பத்திரம், மீசான் கல் ஆகியவற்றில் உள்ள எழுத்தும் அப்படியே. தகராறுக்கு முன்னால் என்பதுதான் உயிர்நிலை. சண்டை வந்த பிறகு எழுதிய வம்சாவளிக்கு, காய்ந்த கருவேப்பிலைக்கு உள்ள மதிப்புக்கூட இல்லை. 50-ஆம் பிரிவு நடத்தையைப் பார்க்கிறது. ஒருவரைக் குடும்பத்தார் மகனாக நடத்தினார்களா, ஒரு பெண்ணை மனைவியாக நடத்தினார்களா என்று கேட்கிறது. 1959-இல் ஒரிஸ்ஸாவிலிருந்து போன ஒரு வாரிசு வழக்கில் இந்திய உச்ச நீதிமன்றம் இதைத் தெளிவாக்கியது: சாட்சி தன் அபிப்பிராயத்தைச் சொன்னால் போதாது; அந்த அபிப்பிராயம் எந்த நடத்தையில் வெளிப்பட்டதோ அந்த நடத்தையை ருசுப்படுத்தவேண்டும்.

இந்த நடத்தைக்கு நம் வியாபாரிகளிடம் உள்ள ஒப்பற்ற சாட்சி எது தெரியுமா? பேரேடுதான். ‘ஊருக்கு அனுப்பிய வகையில்’ என்று நாம் எழுதும் பற்று ஒவ்வொன்றும், யாரை நாம் என்னவாக நடத்தினோம் என்பதற்கு நம் கைப்பட எழுதிய அத்தாட்சி. இன்ன மாதம் இன்ன தேதி, இன்னார் மௌத்துக்குக் கஃபன் துணி, குழிக்கூலி, ஹத்தம் செலவு என்று எழுதியிருந்தால் அது மரணத் தேதிக்கும் சாட்சி.

இப்போது என் குற்றத்தைச் சொல்லவேண்டும். மூத்தவரின் தகப்பனார் சிப்பந்தியாக இருந்து மௌத்தானது, இன்று நான் நடத்தும் இதே கடையில்தான். பழைய முதலாளியிடமிருந்து 2009-இல் இக்கடையை நான் எடுத்தபோது, பரணில் ஏழு சாக்கு நிறைய நாள்வழியும் பேரேடும் கிடந்தன. கரையான் ஏறுகிறது, இடத்தை அடைக்கிறது என்று பழைய காகிதக்காரனை அழைத்து எடை போட்டுக் கொடுத்துவிட்டேன். என்ன விலை கிடைத்தது என்றுகூட நினைவில்லை. அந்தச் சாக்கில் ஒரு வரி இருந்திருந்தால் இரண்டு குடும்பம் மூன்று வருஷம் அலைந்திருக்க வேண்டியதில்லை. அலைந்ததற்கு நானும் ஒரு காரணம்.

வழக்கு இழுத்துக்கொண்டே போனது. ஒருநாள் இரு பக்கத்தாரும் ஆலிம்சாவிடம் வந்திருந்தபோது, அவர்கள் யாரும் கேட்காத ஒரு கேள்வியைக் கேட்டார்கள்: “அந்த இரண்டாம் கணவர் யார்?” சற்று நேரம் ஒருவரும் பேசவில்லை. பிறகு இளையவர் தரையைப் பார்த்துக்கொண்டு சொன்னார்: “சாச்சாதான். அத்தாவுக்கு நேரே இளைய தம்பி.” விதவையான அண்ணன் மனைவியை, கைப்பிள்ளையோடு தவிக்கவிடாமல், தம்பி நிக்காஹ் செய்துகொண்டிருக்கிறார். எவ்வளவு நல்ல காரியம்! அதை என்னவோ குறைபோல எண்ணி இரு பக்கத்தாரும் கோர்ட்டில் வாய் திறக்காமல் இருந்தார்கள். நபிகள் நாயகம் (ஸல்) அவர்கள் மணந்த பெருமாட்டியரில் மிகப் பலர் விதவைகளாக இருந்தவர்கள் என்பதை மௌலூதில் கேட்டுக் கண்ணீர் விடுகிறோம். நம் வீட்டு உம்மாவின் மறுமணத்தை மட்டும் மூடி வைக்கிறோம்.

இந்தப் பதில் வழக்கையே மாற்றிவிட்டது. இளையவர் இரண்டாம் கணவரின் பிள்ளை என்றே வைத்துக்கொண்டாலும், அவர் மூத்தவருக்கு இரண்டு முறை ஆகிறார். தாய் வழித் தம்பி ஒன்று. தந்தையின் சகோதரர் மகன் மற்றொன்று. முதல் முறையைப் பெண்மக்கள் மறைத்துவிடுவார்கள். இரண்டாவது முறையை மறைக்க அவர்களால் ஆகாது. அது அஸபா முறை. நெருங்கிய ஆண்வழி உறவு வேறு இல்லையென்றால் மீதியை அடையும். இமாம் நவவீ அவர்களின் மின்ஹாஜில் இதே மஸ்அலா இருக்கிறது: தந்தையின் சகோதரர் மக்கள் இருவர், அவர்களில் ஒருவர் தாய் வழிச் சகோதரருமாவார், கூடவே மையித்துக்கு ஒரு மகள். மகளின் பங்கு போக மீதி இருவருக்கும் சமம் என்பதே அங்கே உறுதியான சொல். தாய் வழியும் சேர்ந்தவருக்கே மீதி முழுவதும் என்று மற்றொரு சொல்லும் உண்டு, அது பலமற்றது.

இதில் இரு பக்கத்தாருக்கும் பாடம் கிடைத்தது. மனைவி பக்கத்தார், இளையவரைத் தள்ளிவிட்டால் 50,000 தங்களுக்கு வரும் என்று எண்ணியிருந்தார்கள். வராது. இளையவர் யாராயிருந்தாலும் அவர்களுக்கு அதே 30,000, அதே 1,60,000. ஆண்வழி வாரிசு ஒருவருமே இல்லாவிட்டால் மீதி பைத்துல்மாலுக்குப் போகும். மூன்று வருஷம் வக்கீலுக்குக் கொடுத்தது யாருக்காக? இளையவரும் தப்பவில்லை. சகோதரர்கள் இருவர் அல்லர், மூவர். மூன்றாமவருக்கு மூன்று ஆண்மக்கள் ஊரில் இருக்கிறார்கள். இளையவர் முதல் கணவரின் பிள்ளையானால் 50,000 முழுவதும் அவருக்கே. இரண்டாம் கணவரின் பிள்ளையானால் நாலு பேருக்கும் சமமாக ஆளுக்கு 12,500. அந்த மூன்று பேருக்கோ தங்களுக்குப் பங்கு வரக்கூடும் என்பதே தெரியாது.

ஆகவே தேதிகளைத் தேடவேண்டியதாயிற்று. மூன்று தேதி வேண்டும்: முதல் கணவர் மௌத்தான தேதி, இரண்டாம் நிக்காஹ் நடந்த தேதி, இளையவர் பிறந்த தேதி. இளையவரின் பாஸ்போர்ட்டில் பிறந்த தேதி இருக்கிறதே என்பீர்கள். அது பள்ளிக்கூடச் சான்றிதழைப் பார்த்து எழுதியது. பள்ளிக்கூடத்தில் அந்நாளில் எப்படி எழுதினார்கள் என்று நம் வயதானவர்களைக் கேளுங்கள். கையைத் தலைக்கு மேலாக வளைத்துக் காதைத் தொடச் சொல்லி, எட்டினால் வயது ஆயிற்று என்று ஜூன் மாதத்தில் ஒரு தேதியை வாத்தியார் போட்டுக்கொள்வார்!

மரணப் பதிவு பினாங்கில் இருந்தது. முதல் தடவை தேடியபோது இல்லை என்றார்கள். பெயரை எழுதிய குமாஸ்தா முகம்மது என்பதை ஒரு விதமாகவும், முகைதீன் என்பதை வேறு விதமாகவும் எழுதியிருந்தார். மைதீன், மொய்தீன், முஹியித்தீன் என்று நாம் வாயால் சொல்வதை எழுத்தில் எத்தனை விதமாகவும் எழுதலாம். தகப்பனார் பெயரைக் கொண்டு திரும்பத் தேடியபோது கிடைத்தது: 1951. நிக்காஹ், ஊர்ப் பள்ளிவாசல் ஜமாஅத் தப்தரில் இருந்தது: 1952. மணமகன், மணமகள், இருவரின் தகப்பனார், வலீ, சாட்சிகள், மஹர் எல்லாம் அழகான கையெழுத்தில் எழுதியிருந்தார்கள். அந்த லெப்பை எங்கே அடங்கியிருந்தாலும் அல்லாஹ் அவர் கப்ரை ஒளிமயமாக்குவானாக. பிறப்பு, தாலுகாப் பதிவில் இருந்தது: 1953. பெயர் இல்லை, ‘ஆண் குழந்தை’ என்று மட்டும், தகப்பனார் பெயராக இரண்டாம் கணவர் பெயரும் தாயார் பெயரும். அந்தப் பெயரில்லாத குழந்தை இவர்தான் என்பதற்கு, அடுத்த வீட்டிலிருந்த மூதாட்டி ஒருவர் சாட்சி சொன்னார். அவருக்குத் தேதி தெரியாது. “நாகப்பட்டினத்துப் பெரும் புயலிலே எங்க கூரை போச்சு. அப்போ அவ மாசமா இருந்தா. எங்க ரெண்டு வீட்டாரும் பள்ளிவாசல்லதான் இருந்தோம். அந்தம்மாவுக்கு அப்புறம் வேற பிள்ளை இல்லே” என்றார். அந்தப் புயல் அடித்தது 1952 நவம்பர் 30. அது எல்லாருக்கும் தெரிந்த தேதி. ஒரு பதிவும் ஒரு கிழவியின் கூரையும் ஒன்றோடொன்று பொருந்திவிட்டன.

இனிச் சட்டம் எளிது. நிக்காஹ் நடந்து ஆறு மாதத்துக்கு மேல் கழிந்து பிறந்த குழந்தை அந்த நிக்காஹின் கணவருக்கே உரியது. கர்ப்பமும் பால்குடியும் முப்பது மாதம் என்று ஓரிடத்திலும், பால்குடி இரண்டு வருஷம் என்று மற்றோரிடத்திலும் குர்ஆனில் வருவதைக் கூட்டிக் கழித்து எடுத்த கணக்கு அந்த ஆறு மாதம். கோலாலம்பூர்ப் பிரதேசத்துக்கான 1984-ஆம் ஆண்டு இஸ்லாமியக் குடும்பச் சட்டத்திலும் இந்த ஆறு மாதம் எழுதப்பட்டிருக்கிறது. இதன் வேர், புகாரியிலும் முஸ்லிமிலும் உள்ள ஸம்ஆவின் மகனைப் பற்றிய ஹதீது. மக்கா வெற்றியின் வருஷம். ஒரு பையனைக் காட்டி, இவன் என் அண்ணன் உத்பாவின் பிள்ளை, அவர் என்னிடம் சொல்லிவைத்திருக்கிறார் என்றார் ஸஃது (ரலி). இவன் என் தகப்பனார் ஸம்ஆவின் அடிமைப் பெண்ணுக்கு அவருடைய படுக்கையில் பிறந்தவன், என் சகோதரன் என்றார் அப்து. பையனின் முகச்சாயலோ உத்பாவைப் போலவே இருந்தது. அப்படியிருந்தும் நாயகம் (ஸல்) அவர்கள், பிள்ளை படுக்கைக்கு உரியவருடையது என்று அப்துக்கே கொடுத்தார்கள். ஆனால் அந்தச் சாயலைக் கண்டதால், ஸம்ஆவின் மகளான தம் மனைவி ஸவ்தா (ரலி) அவர்களை அந்தப் பையன் முன் திரையிட்டுக்கொள்ளச் சொன்னார்கள். தீர்ப்பு வேறு, பேணுதல் வேறு என்பதை ஆலிம்சா சொல்லக் கேட்டபோது, நான் ஓதிய காலத்தில் விளங்காதது விளங்கிற்று.

டி.என்.ஏ. சோதனை செய்தால் என்ன என்று இளைஞர்கள் கேட்டார்கள். மையித்து அடக்கமாகிவிட்டது, அவருக்கு ஆண்பிள்ளையும் இல்லை. இருந்திருந்தாலும், ஆண்வழி அடையாளத்தைப் பார்த்தால் இங்கே இரண்டு தகப்பனாரும் ஒரே தந்தையின் மக்கள். அடையாளம் ஒன்றாகவே இருக்கும்.

மூன்று சகோதரர்களும் ஒரு தாய் தந்தைக்குப் பிறந்தவர்கள் என்பதற்கு வேறு ருசு வேண்டியிருந்தது. அது கிடைத்த இடம் சார்பதிவாளர் ஆபீஸ். தங்கள் தகப்பனார் வீட்டை மூவரும் பிரித்துக்கொண்ட பழைய பாகப் பத்திரத்தில், எங்கள் மூவரையும் பெற்ற தாயார் இன்னாருக்கு எட்டில் ஒரு பாகம் என்று தாயார் பெயரோடு எழுதியிருந்தது. தகராறுக்குப் பல்லாண்டுகளுக்கு முன் எழுதிய எழுத்து. தாசில்தார் கொடுக்கும் வாரிசுச் சான்றிதழ் இதற்கு உதவவில்லை. அது பெரும்பாலும் மனைவி, மக்கள், பெற்றோரோடு நின்றுவிடும். ஊரிலிருந்து வரும் எந்தத் தஸ்தாவேஜும் முறைப்படி அத்தாட்சி பெற்று வரவேண்டும். சிங்கப்பூரில் 2021 செப்டம்பர் 16 முதல் அப்போஸ்தில் முத்திரை போதும் என்றாகி, வேலை குறைந்திருக்கிறது.

வேறொரு விஷயத்தையும் சொல்லிவிடுகிறேன். நம்மவர்கள் இதில் அடிக்கடி இடறுகிறார்கள். ‘நான் மகன் என்று ஒப்புக்கொண்டால் மகனாகிவிடுவான்’ என்று எண்ணுகிறார்கள். மகனென்று ஒப்புக்கொள்வதற்குப் பலம் உண்டு. ஆனால் இல்லாத நிக்காஹை அது உண்டாக்காது. இப்போது வங்காள தேசத்தில் உள்ள போக்ராவின் நவாப் ஒருவரின் சொத்துக்கு, தாம் அவருடைய மகன் என்று ஒருவர் உரிமை கேட்டார். 1921-இல் லண்டன் பிரிவி கவுன்சில், தாயாருக்கும் நவாபுக்கும் நிக்காஹ் நடக்கவில்லை என்பது ருசுவான பிறகு ஒப்புக்கொள்ளல் பயன்படாது என்று தள்ளிவிட்டது. எடுத்து வளர்த்த பிள்ளையும் வாரிசாகாது. அதற்குக் கொடுக்க விரும்புவோர் உயிரோடிருக்கும்போதே ஹிபாவாகக் கொடுக்கலாம். அல்லது மூன்றில் ஒன்றுக்கு மேற்படாமல் வஸிய்யத்து எழுதலாம். வாரிசுகளில் ஒருவர் மட்டும் ‘இவன் எங்கள் சகோதரன்’ என்று சொல்லி மற்றவர் மறுத்தால், ஷாஃபிஈ மத்ஹபில் வம்சம் நிலைபெறாது. ஹனஃபீ மத்ஹபிலும் வம்சம் நிலைபெறாது. ஆனால் சொன்னவர் தம் பங்கிலிருந்து கொடுக்கவேண்டும். உங்கள் குடும்பம் எந்த மத்ஹப் என்பதையும் ஆலிமிடம் சொல்லிக் கேளுங்கள்.

முடிவில் நாலு பேருக்கும் 12,500 என்று ஆயிற்று. தாம் கேட்டதில் முக்கால் பங்கை இழந்த இளையவர், அந்த மூவரையும் தாமே தேடிப்போய்ச் சொன்னாராம். கடைசியாகச் சந்தித்தபோது என்னிடம் ஒன்றே ஒன்றுதான் கேட்டார்: “அந்தக் கணக்குப் புத்தகத்திலே அத்தா கையெழுத்து இருந்திருக்குமா தம்பி?” எந்த அத்தாவை அவர் சொன்னார் என்று நான் கேட்கவில்லை.

இப்போது என் பேரேட்டில் ஊர்ப் பற்று எழுதும்போது வெறும் ‘தம்பிக்கு’ என்று எழுதுவதில்லை. ‘என் தாய் தந்தைக்குப் பிறந்த தம்பி இன்னாருக்கு’ என்று முழுப் பெயரோடு எழுதுகிறேன். முதல் பக்கத்தில், பாட்டன் பாட்டி, அவர்களின் மக்கள், ஒவ்வொருவரின் நிக்காஹ், மௌத்து எல்லாவற்றையும் தெரிந்தவரை எழுதி வருகிறேன். தெரியாததைக் கேட்கப் போன மாதம் ஊரில் உம்மாவுக்குப் போன் செய்தேன். என் உம்மம்மாவுக்கு எங்கள் அப்பாவுக்கு முன்னால் வேறொரு கணவர் இருந்து, ரங்கூனில் மௌத்தானவர் என்று உம்மா சொன்னார்கள். நாற்பத்தைந்து வயதில் முதல் தடவையாக அந்தப் பெயரைக் கேட்டேன். பிள்ளை உண்டா என்றேன். ஒரு பெண் உண்டு, காரைக்கால் பக்கம் வாழ்க்கைப்பட்டது, தொடர்பு விட்டுப்போயிற்று என்றார்கள். நிக்காஹ் எந்த வருஷம் என்று கேட்டதற்கு, புயலுக்கு முந்திய முந்திய வருஷம் என்று சொன்னார்கள். 1950 என்று பென்சிலால் எழுதி வைத்திருக்கிறேன். காரைக்கால் பக்கத்தில் தெரிந்தவர்கள் யாராவது இருந்தால் கடையில் வந்து சொல்லவும்.